சண்டைப் பட விமர்சனத்துல வார்த்தைய மட்டும் மாத்துனா போதுமா?

யாரோ எழுதுன பட விமர்சனத்த எடுத்து, ஒவ்வொரு வார்த்தைக்கும் அதே அர்த்தத்துல வேறொன்ன போட்டு புதுசு மாதிரி குடுக்குறது இப்போ நெறைய நடக்குது. எங்க ராயபுரத்துல பக்கத்து தெரு தம்பி ஒருத்தன் காலேஜ் மேகஸினுக்கு அப்படித்தான் சார்பட்டா பரம்பரைங்குற வட சென்னை பாக்ஸிங் படத்த பத்தி ஒன்னு ரெடி பண்ணி எடுத்துனு வந்து, படிச்சி பாருண்ணான்னு குடுத்தான். படிச்சதும் மனசு கேக்கல.

மொத பாராவுலயே பரம்பரைய வம்சம்னு மாத்தி வெச்சிருக்கான். அந்தப் படத்துல பரம்பரைன்னா ரத்த சொந்தமாடா, ஒரு வாத்தியார்கிட்ட தொழில் கத்துக்கினு அந்த பேருக்காக ரிங்ல ஏறுறவங்கதானே. ரங்கன் வாத்தியார் தன் சொந்த புள்ள வெற்றிய வுட்டுட்டு கபிலன எறக்குறாரு, அந்த வலிதான் பாதி படம், அத வம்சம்னு எழுதுனா கதையே தலைகீழா ஆயிடுது. அடுத்து எமர்ஜென்சி காலம்னு இருந்தத அவசர நேரம்னு போட்டுருக்கான். இந்திரா காந்தி கொண்டாந்த அந்த எமர்ஜென்சிலதான் 1976 ஜனவரி 31 திமுக ஆட்சிய கலைச்சாங்க, படத்துல மேட்ச் நடக்குற எடத்துக்கே போலீஸ் வந்து திமுககாரரான வாத்தியார புடிச்சினு போவுது, நம்ம ஏரியா பெருசுங்க அந்த நாள பத்தி இன்னும் பேசுவாங்க, அது எப்படி வெறும் அவசரம் ஆவும்?

ரவுண்ட சுற்றுன்னு மாத்துனது எனக்கு பரவால்ல. ஆனா கபிலன எதிர்த்து ரிங்ல ஏறுற டான்சிங் ரோஸோட ஃபுட்ஒர்க்க, அதாவது கால் நகத்துற வித்தைய, நடனம்னு எழுதுனது தப்பு. ரோஸு கைய கீழ தொங்கவுட்டு, ஒடம்ப வளைச்சி, எதிராளி காத்துல குத்தி தடுமாறுற அந்த நொடில குத்துறான், ஆட்டம் மாதிரி தெரியுறது எல்லாம் கணக்கு.

எந்த சண்டைப் படத்துக்கும் இதேதான். ஓங் பாக் (2003) எடுத்துக்கோங்க, டோனி ஜா முவாய் தாய்ங்குற தாய்லாந்து சண்டை முறைல முட்டியாலயும் முழங்கையாலயும் எறக்குறாரு, அத எல்லாத்தையும் உதைன்னு போட்டா அந்த வித்தையே காணாம போயிடும். ஐப் மேன்ல (2008) டானி யென் விங் சுன்ங்குற குங்ஃபூ ஸ்டைல்ல கிட்ட நின்னு நெஞ்சுக்கு நேரா வரிசையா குத்தி தள்ளுவாரு, நீ பாய்ந்து தாக்கினார்னு எழுதுனா அது வேற ஆளோட சண்டை. விமர்சனம் எழுதுனவரு கண்ண தொறந்து பாத்து எழுதிருக்காரு, நீ பாக்காமயே அவரோட வார்த்தைக்கு சட்டை மாத்துற, அதுல அவரோட உழைப்பும் போச்சி உன்னோட பார்வையும் வரல.

அதனால அவன ஒக்கார வெச்சி ரோஸ் சண்டைய சவுண்ட் இல்லாம போட்டு காமிச்சேன். யாரு முன்னால வர்றாங்க, யாரு பின்னால போறாங்க, எந்த குத்துக்கு அப்புறம் மூச்சு வாங்குறாங்க, இத மட்டும் பாருன்னு சொன்னேன், பாத்துட்டு அவனே ரோஸோட தோள் அசையுறத வெச்சி ரெண்டு வரி எழுதுனான், சொந்தமா, நல்லா இருந்துச்சி. பரம்பரை, வாத்தியார், எமர்ஜென்சி எல்லாம் அப்படியே இருக்கட்டும்னு சொல்லிட்டேன். இப்போ ஐப் மேன்ல பத்து கராத்தேகாரங்கள ஒரே ஆளா அடிக்கிற சீன குடுத்திருக்கேன், ஞாயித்துக்கிழமைக்குள்ள அத பத்தி ஒரு பாரா அவனே எழுதினு வரணும்.