சாமி ஏன் இந்த ஓட்டம் ஓடுது?

புராண ஊமைப்படத்தைத் திரையிட்டால் முதல் ஐந்து நிமிடம் கூட்டம் சிரிக்கும். கோயமுத்தூரோ கோபியோ, எங்கும் இதேதான். "ஏனுங், சாமி எதுக்கு இந்த ஓட்டம் ஓடுது?" என்று முன்வரிசை அம்மா கேட்டால், பிழை 'ராஜா ஹரிச்சந்திரா' எடுத்த தாதாசாகேப் பால்கேயுடையது அல்ல, படம் ஓட்டுகிறவருடையது.

35 மி.மீ. பிலிமில் அடிக்கு 16 ஃபிரேம், அதாவது 16 தனிப்படங்கள். 1913இல் வந்த 'ராஜா ஹரிச்சந்திரா' நாலு ரீல், சுமார் 3,700 அடி. கேமராவைக் கையால் சுற்றிய காலம். சுற்றுக்கு 8 ஃபிரேம், விநாடிக்கு இரண்டு சுற்று என்பது பொதுக்கணக்கு. அந்த வேகத்தில் ஒரு மணி நேரத்துக்கு மேல் ஓடவேண்டிய படம், பேசும்பட வேகமான விநாடிக்கு 24 ஃபிரேமில் விட்டால் 41 நிமிடத்தில் முடிந்துவிடும்.

இன்று கிடைப்பது முதல் ரீலும் கடைசி ரீலும்தான், அதுவும் டிஜிட்டல் கோப்பாக. 16ஐ 24 ஆக்க, இரண்டு ஃபிரேமுக்கு ஒன்றை இன்னொரு தடவை போட்டால் போதும். ஆனால் அன்று கேமராவைச் சுற்றிய கை சீராகச் சுற்றியிருக்காது! நடையை வைத்து வேகத்தை முடிவுசெய்யக் கூடாது. மேடைப் பழக்கத்தில் கையைக் காலை வீசி நடிப்பார்கள். தண்ணீரைத்தான் பார்க்கவேண்டும். அரிச்சந்திரன் மனைவி தாராமதியும் தோழிகளும் நீராடும் காட்சி இருக்கிறது (அத்தனை பேரும் சேலை கட்டிய ஆண்கள், தாராமதியாக நடித்தவர் அண்ணா சாலுங்கே). தெறித்த துளி இயல்பாக விழுந்தால் வேகம் சரி.

1914இல் வெரைட்டி ஹால் தியேட்டர் எழுந்த ஊர் கோயமுத்தூர். அன்றைய கைப்புரொஜெக்டரில் காட்சிக்குக் காட்சி கையைத் தளர்த்தலாம், முடுக்கலாம். இப்போது எல்லாம் முன்கூட்டியே குறித்துவைக்க வேண்டும்.

புரொஜெக்டரில் அசைவை வழவழப்பாக்கும் வசதி இருந்தால் முதலில் அணைத்துவிடுங்கள். கேமராவை நிறுத்தி, ஆளைக் கொண்டுவந்து நிறுத்தி, மறுபடி சுற்றுவதுதான் சாமி திடீரெனத் தோன்றும் தந்திரம். அந்த வெட்டில் முன் ஃபிரேமையும் பின் ஃபிரேமையும் கருவி கலந்துவிடும். தோன்றவேண்டிய சாமி புகைபோல் ஊறி வரும். நின்று கிளம்பும் இடத்தில் ஒரு ஃபிரேம் வெளிறிப் பளிச்சிடும். பழுதென்று அதை வெட்டுகிறார்கள். விட்டுவிடலாம், அது பால்கேயின் கைத்தடம்.

எழுத்து அட்டைகள் இந்தியிலும் ஆங்கிலத்திலும் இருப்பதால் தமிழில் சொல்ல ஒருவர் வேண்டும். அட்டை மறைவதற்குள் அவர் முடித்துவிட வேண்டும். மயான காண்டத்தைக் கூத்தில் விடிய விடியப் பார்த்த சனத்துக்கு, அரிச்சந்திரன் வாளை ஓங்குமிடத்தில் ஒரு வார்த்தையும் தேவையில்லை. படத்தோடு வாசிக்கும் ஆர்மோனியமும் நிற்கட்டும்.