வேலியோரத்துச் செங்காந்தள்

ஐப்பசி மழை நன்றாகப் பிடித்துவிட்டால் முள்வேலிகளையும் புதர்களையும் கொஞ்சம் நின்று பாருங்கள், செங்காந்தள் பூத்திருக்கும். தமிழ்நாட்டின் மாநில மலர் இதுதான். இதைத் தொட்டிச் செடியாகப் பார்ப்பதைவிட புதருக்குள் பார்ப்பதுதான் அழகு. தண்டுக்குத் தனியாக நிற்கத் தெம்பு கிடையாது, அதனால் இலை நுனியே பற்றுக்கம்பியாகச் சுருண்டு பக்கத்துச் செடியைப் பிடித்துக்கொள்ள, அப்படியே மேலே ஏறி வெளிச்சத்துக்கு வந்துவிடும். ஆறு இதழ்களும் பின்னால் வளைந்து தீ எரிவதுபோல மேல்நோக்கி நிற்கும். அடியில் மஞ்சள், நுனியில் சிவப்பு, நாளாக ஆக முழுப் பூவும் சிவந்துவிடும். சூல்தண்டு நடுவில் நிமிர்ந்து நிற்காமல் சட்டென்று பக்கவாட்டில் திரும்பியிருக்கும், கவனித்துப் பாருங்கள்.

கோடையில் மேலே ஒன்றுமே இருக்காது. மண்ணுக்குள் கிழங்கு மட்டும் உயிரோடு கிடக்கும். ஆனால் அந்தக் கிழங்கு கடும் விஷம், சரியாகச் சொன்னால் செடி முழுக்கவே விஷம்தான், கொல்கிசின் என்ற வேதிப்பொருள் காரணம். குழந்தைகளையும் ஆடுமாடுகளையும் எட்டவே வையுங்கள். அதே கொல்கிசின் கீல்வாத மருந்தாகவும் பயன்படுவதால், மூலனூர், ஒட்டன்சத்திரம் பக்கமெல்லாம் விதைக்காகவே இதைப் பந்தல் போட்டு வளர்க்கிறார்கள்.

வயலில் எவ்வளவு வேண்டுமானாலும் வளர்க்கட்டும். காட்டுக் கிழங்கைத் தோண்டி எடுப்பதுதான் எனக்குப் பொறுக்கவில்லை. அப்புறம், உயிர்வேலியை வெட்டிவிட்டுக் கம்பிவேலி போடுகிறோமே, அங்கே இந்தக் கொடி எதைப் பிடித்து ஏறும்?