தேதி கொடுத்தாச்சு தம்பி

"அங்கே எனக்குப் பதிலா வேற ஆள் போட முடியாது தம்பி." நாடகம் இருக்கிற நாளில் ஷூட்டிங்குக்குக் கூப்பிட்ட சீரியல் மேனேஜரிடம் நான் போனில் சொன்னது இதுதான். அது உண்மையா என்ற கேள்விதான் என்னை இன்னும் விடவில்லை.

ஏனென்றால் நான் வள்ளி வேஷம் போடுகிற ஸ்பெஷல் நாடகத்தில் யாருக்குப் பதிலாகவும் யாரும் வரலாம். மதுரையிலிருந்து ராஜபார்ட், புதுக்கோட்டையிலிருந்து ஸ்திரீபார்ட், திண்டுக்கல்லிலிருந்து பபூன், ஆர்மோனியக்காரர் வேறு எங்கிருந்தோ. ஒத்திகை என்பதே கிடையாது. மேக்கப் போட உட்காரும்போதுதான் சில நாள் இன்றைக்கு நாரதர் யார் என்றே தெரியும். சங்கரதாஸ் சுவாமிகளின் வள்ளி திருமணம் எல்லோருக்கும் மனப்பாடம். அவர் 1922இல் மறைந்தார். நூறு வருஷம் தாண்டியும் அந்தப் பாட்டை வைத்துத்தான் முன்பின் பார்க்காதவர்கள் மேடையேறி விடியவிடிய நடிக்கிறோம். எனக்கு முடியவில்லை என்று மத்தியானம் நாடக நடிகர் சங்கத்தில் சொல்லியிருந்தால் பொழுது சாய்வதற்குள் இன்னொரு வள்ளி கிளம்பியிருப்பாள்.

அந்தத் தம்பி பேசியதிலும் தப்பில்லை. "ஒரு நாள்தானே அக்கா. முன்கூட்டியே எடுத்து வச்ச பேங்க் எபிசோடே இல்லை. நாளைக்கு சீன் முழுக்க நீங்கதான்" என்றார். அந்தத் தேதி எனக்கு நாடகம் என்று முன்கூட்டியே சொல்லி வைத்திருந்தேன். வேறொருவருக்காக ஷெட்யூல் மாறியது, அது என் தலையில் விழுந்தது. சிவகங்கைப் பக்கம் பங்குனித் திருவிழா. அட்வான்ஸ் வாங்கியாச்சு, என் போட்டோ போட்ட நோட்டீஸ் ஊரெல்லாம் ஒட்டியாச்சு. வாங்கின தேதிக்குப் போய் நிற்பதுதான் எங்கள் தொழிலில் பேர். அதனால்தான் மாட்டேன் என்றேன். சரியாகத்தான் செய்தேன்.

அப்புறம் அவர் ஒன்று கேட்டார். "மனோரமா ஆச்சியே நாடகத்தை விட்டுட்டு சினிமாவுக்கு வந்தவங்கதானே அக்கா?"

பதில் சொல்லாமல் போனை வைத்துவிட்டேன். பஸ்ஸில் உட்கார்ந்ததும் பதில் வந்துகொண்டே இருந்தது. பள்ளத்தூர் பாப்பா என்று மேடையில் பேர் எடுத்துவிட்டுத்தான் அவர் 1958இல் மாலையிட்ட மங்கைக்கு வந்தார். 1963இல் கொஞ்சும் குமரியில் கதாநாயகி. ஆயிரம் படங்களுக்கு மேல் நடித்துக் கின்னஸ் வரை போனார். அண்ணாவோடும் கலைஞரோடும் மேடையில் நடித்தவர், எம்.ஜி.ஆர், என்.டி.ஆர், ஜெயலலிதாவோடு திரையில் நடித்தார். ஆனால் 1968இல் தில்லானா மோகனாம்பாளில் அவர் போட்ட ஜில் ஜில் ரமாமணி யார்? ஒரு நாடகக்காரி. அந்த இழுப்பும், எங்கே நிறுத்தினால் கொட்டகை சிரிக்கும் என்கிற கணக்கும் மேடையில் நிற்காதவருக்கு வராது. நான் அப்படி நினைக்கிறேன். அந்தத் தம்பி அதே ஆச்சியைக் காட்டி, வந்துவிட வேண்டியதுதானே என்கிறார். அவர் சொல்வதும் நடந்ததுதான்.

கே.பி. சுந்தராம்பாளையும் நினைத்துக்கொண்டேன். கணவர் கிட்டப்பா காலமான பிறகு ஆண்களோடு ஜோடி போட்டு நடிப்பதில்லை என்று இருந்தவர். 1935இல் பக்த நந்தனாரில் நந்தனாராகவே நடித்தார், லட்ச ரூபாய் சம்பளத்துக்கு. தன் இஷ்டப்படி 'மாட்டேன்' என்று சொல்ல அவரால் முடிந்தது. எனக்குப் பங்குனியிலிருந்து ஆடி வரைதான் நாடகம். மிச்ச மாதங்களில் வாடகையும் மகள் காலேஜ் ஃபீஸும் சீரியல் பேட்டாவில்தான் ஓடின. அதையும் யோசித்திருக்க வேண்டாமா?

அடுத்த வாரமே டிவியில் "இனி இந்தப் பாத்திரத்தில் இவர்" என்று கார்டு போட்டுவிட்டார்கள். நான் போட்டிருந்த அதே முத்துமாலை அந்தப் பெண் கழுத்தில் கிடந்தது. நன்றாகத்தான் செய்தாள். உதவி டைரக்டர் பக்கத்தில் நின்று வசனத்தைப் படிக்கப் படிக்க, அதைக் காதில் வாங்கிக்கொண்டே கண்ணில் தண்ணீர் வரவழைப்பது லேசுப்பட்ட வேலை இல்லை. எனக்கு அது கைவர ரொம்ப நாள் ஆனது.

ஆனால் உறுத்துவது சீரியல் போனது இல்லை. அன்றைக்குத் திருவிழாவில் நோட்டீஸில் இருந்த நாரதர் வரவில்லை. ராத்திரி ஒன்பது மணிக்கு மதுரையிலிருந்து வேறொருவரைக் கூட்டி வந்தார்கள். கமிட்டிக்காரர்கள் கொஞ்சம் முணுமுணுத்தார்கள், அவ்வளவுதான். ஆர்மோனியம் சுருதி கொடுத்ததும் ஊர் உட்கார்ந்துவிட்டது. நான் வராமல் இருந்திருந்தாலும் இப்படித்தானே உட்கார்ந்திருக்கும்?

இல்லை என்று எனக்கு நானே சொல்லிக்கொள்ள ஒன்று இருக்கிறது. நாரதரும் வள்ளியும் வாதம் செய்கிற தினைப்புனத்துத் தர்க்கத்தில் அந்தப் புது நாரதர், "காவல் காக்க வந்தவளே, உன்னைக் காவல் காப்பது யார்?" என்று ஒரு பிடி போட்டார். பாடத்தில் இல்லாத கேள்வி. தினையைக் காத்துக் கூலி வாங்குகிறவளுக்கு அவள் கையில் இருக்கிற கவண்தான் காவல் என்று ஐந்து கட்டை சுருதியில் எடுத்துப் பாடினேன். பெண்கள் பக்கமிருந்து சத்தம் எழுந்தது. ஒரு மணி நேரத்துக்கு மேல் அவர் விடவில்லை, நானும் விடவில்லை. இன்னொரு வள்ளி வந்திருந்தால் அவளும் ஏதோ ஒரு பதில் சொல்லித்தான் இருப்பாள். என்னுடையதைவிட நல்ல பதிலாகக்கூட இருந்திருக்கலாம். ஆனால் இந்தப் பதில் அவளிடம் இருந்திருக்காது. மேனேஜரிடம் நான் சொன்ன வார்த்தைக்கு இது போதுமா? சில நாள் போதும் என்று தோன்றுகிறது. ஃபீஸ் கட்டுகிற மாதத்தில் தோன்றுவதில்லை.

போன மாதம் அதே தம்பி கூப்பிட்டார். வேறு சீரியல், அம்மா கேரக்டர். ஆடிக்குப் பிறகு என்றால் வருகிறேன் என்றேன். கேட்டுச் சொல்கிறேன் அக்கா என்றார்.