பனிச்சறுக்குக் காயங்கள்: விழுந்த கதையையும் படியுங்கள்

குளிர்காலம் வந்துவிட்டால் எமர்ஜென்சி சார்ட்டுகளில் முழங்கால், மணிக்கட்டு, கட்டைவிரல், தலை என்று வரிசைகட்டி வரும். பாதிக்கு மேல் ஒரே வரிதான் இருக்கும்: பனிச்சறுக்கில் விழுந்தார். அதைப் பார்த்ததும், அடிபட்ட காரணத்தைச் சொல்லும் ஐசிடி-10-சிஎம் கோடான வி00.321-ஐப் போட்டுவிட்டு அடுத்த சார்ட்டுக்குத் தாவும் பழக்கம், சார்ட்டைப் படித்து கோட் போடும் நம் மெடிக்கல் கோடிங் வேலையில் நிறையவே இருக்கிறது, எனக்கு அதில் துளியும் உடன்பாடு இல்லை.

ஏனென்றால் வி00.321 ஸ்கீயில் போகும்போது விழுந்தவருக்கு மட்டும்தான். அவர் மரத்திலோ கம்பத்திலோ மோதியிருந்தால் வி00.322. ஸ்னோபோர்டு என்றால் வி00.31-இல் தேட வேண்டும். சறுக்கவே இல்லை, பார்க்கிங்கில் நடந்து வரும்போது பனியில் வழுக்கிவிட்டது என்றால் அது டபிள்யூ00, வி00 பக்கமே போகக்கூடாது. லிஃப்டில் ஏறும்போதோ இறங்கும்போதோ அதில் அடிபட்டவருக்கு வி98.3. நர்ஸ் எழுதிய முதல் குறிப்பிலோ ஆம்புலன்ஸ் ஷீட்டிலோ இந்த விவரம் பெரும்பாலும் இருக்கும், டாக்டரின் குறிப்பை மட்டும் படித்தால் கண்ணில் படாது.

ஸ்கீயா, ஸ்னோபோர்டா என்று தெரிந்துகொள்வதில் இன்னொரு லாபமும் உண்டு. ஸ்கீ பூட் கெட்டியானது, கணுக்காலை அசையவிடாது, அதனால் நீளமான ஸ்கீ திரும்பும்போது முறுக்கு முழுவதும் முழங்காலுக்குப் போகிறது. முழங்காலுக்குள் இருக்கும் ஏசிஎல் என்ற தசைநார் கிழிவது அப்படித்தான். கையில் ஊன்றுகோலோடு விழுந்தால் கட்டைவிரலின் அடிமூட்டுத் தசைநார் போகும், அதற்கு எஸ்63.64. ஸ்னோபோர்டில் இரண்டு காலும் பலகையோடு கட்டப்பட்டிருப்பதால் கையை ஊன்றித்தான் விழ முடியும், மணிக்கட்டு எலும்பு உடைகிறது. அந்த பூட் கொஞ்சம் மென்மையானதும்கூட, அதனால் கணுக்காலும் தப்புவதில்லை.

கணுக்கால் என்றதும், குதிகால் எலும்புக்கு மேல் இருக்கும் டேலஸ் எலும்பைச் சொல்லியே ஆக வேண்டும். அதன் வெளிப்பக்க முனை உடைவதை ஸ்னோபோர்டர் எலும்புமுறிவு என்றே சொல்வார்கள். எக்ஸ்ரேயில் பல நேரம் தெரியாது, சுளுக்கு என்று எழுதி அனுப்பிவிடுவார்கள், வலி குறையாமல் நோயாளி திரும்பி வந்து சிடி எடுத்த பிறகுதான் பிடிபடும். இதற்கென்று தனி கோட் கிடையாது, எஸ்92.19-இல் ‘டேலஸின் பிற முறிவு’ என்றுதான் போட வேண்டும். பழைய சார்ட்டில் சுளுக்கு என்று இருப்பதை அப்படியே இழுத்து வந்து ஒட்டுபவர்களைப் பார்த்தால் உண்மையிலேயே வருத்தமாக இருக்கிறது. சிடி ரிப்போர்ட்டும் டாக்டரின் முடிவும் ஒத்துப்போகவில்லையா, டாக்டரிடம் விளக்கம் கேட்டு க்வெரி அனுப்புங்கள், அதற்குத்தானே அது இருக்கிறது!

அப்புறம் ‘ஏசிஎல் கிழிந்திருக்கலாம், எம்ஆர்ஐ பார்க்க வேண்டும்’ என்கிற வாக்கியம். வெளிநோயாளி சார்ட்டில் சந்தேகத்துக்கு கோட் போடக்கூடாது. அன்றைக்குத் தெரிந்தது முழங்கால் வலியும் நீர்கோர்ப்பும் என்றால் எம்25.561, எம்25.461 (வலது காலாக இருந்தால்), அவ்வளவுதான். எம்ஆர்ஐ வந்து டாக்டர் உறுதி செய்த பிறகு எஸ்83.511 போடலாம்.

காயக் கோட்களின் கடைசியில் வரும் ஏழாவது எழுத்து பற்றிப் புதிதாக வருபவர்கள் எல்லோரும் ஒரே கேள்வியைக் கேட்கிறார்கள். ‘ஏ’ என்றால் முதல் விசிட் என்று அர்த்தமில்லை. சிகிச்சை நடந்துகொண்டிருக்கும் வரை, ஆபரேஷனுக்குப் போகும் நாளிலும், ‘ஏ’தான்; குணமாகும் கட்டத்துக்கு வந்த பிறகு ‘டி’. வி00 கோடும் இதே எழுத்தோடு கூடவே வரும். ஆனால் என்ன செய்துகொண்டிருந்தார் என்கிற ஒய்93.23, எந்த இடம் என்கிற ஒய்92 இரண்டும் முதல் சிகிச்சையின்போது ஒரே ஒரு முறைதான். இந்த வெளிக்காரணக் கோட்கள் அமெரிக்கா முழுவதற்கும் கட்டாயம் இல்லை, சில மாநிலங்களும் பில்லுக்குப் பணம் கொடுக்கும் இன்சூரன்ஸ் போன்ற சில பேயர்களும் மட்டும் கேட்கிறார்கள். கேட்காவிட்டாலும் விவரம் சார்ட்டில் இருந்தால் நான் போட்டுவிடுவேன். எந்த விளையாட்டில் எப்படி அடிபடுகிறார்கள் என்று ஆராய்பவர்களுக்கு நம் கோட்களும் ஒரு ஆதாரம்.

பணம் சிக்குவது வேறு இடத்தில். விடுமுறைக்குப் போன இடத்தில் மணிக்கட்டு உடைந்து, அங்கேயே எலும்பை இழுத்து நேராக்கி, மிச்ச சிகிச்சையைத் தன் ஊரில் பார்த்துக்கொள்கிறார் என்று வையுங்கள். அப்படி நேராக்குவதற்கான சிபிடி (சிகிச்சைக்கான பில்லிங்) கோட் 25605-க்கு 90 நாள் குளோபல் காலம் உண்டு, அதாவது அந்த நாட்களின் பின்கவனிப்பும் அதே கட்டணத்தில் அடக்கம். எலும்பை நேராக்கிய டாக்டருக்கு, பின்கவனிப்பு தன்னுடையதில்லை என்று கோடோடு சேர்க்கும் குறியான மாடிஃபையர் 54. ஊரில் பார்ப்பவர் முறைப்படி பொறுப்பை ஏற்றிருந்தால் அவருக்கு அதே 25605, பின்கவனிப்பு மட்டும் என்று சொல்லும் மாடிஃபையர் 55-உடன். முதல் டாக்டர் 54 இல்லாமல் பில் அனுப்பிவிட்டால் ஊரில் இருப்பவரின் க்ளெய்ம் டினையல் ஆகும் (நிராகரிக்கப்படும்), பிறகு இரண்டு ஆஃபீஸும் மாறி மாறி போன் பண்ணிக்கொண்டிருக்க வேண்டியதுதான். டிஸ்சார்ஜ் குறிப்பில் ‘சொந்த ஊரில் ஆர்த்தோவைப் பார்க்கவும்’ என்று இருந்தால் பில் போகும் முன்பே 54 தேவையா என்று கேட்டுவிடுங்கள்.