செருப்புக்குக் காவலிருந்த சிவகாமி

மேடை நாடகத்திலிருந்து குறும்படத்துக்கு வந்தவள் நான். என் முதல் படத்தில் இயக்குநர் "இன்னும் அழுங்கக்கா, இன்னும் கொஞ்சம்" என்று கேட்டுக்கொண்டே இருந்தார். அழுதேன். திரையில் பார்த்தபோது எனக்கே பிடிக்கவில்லை.

அந்த வாரம்தான் அரவிந்தனின் 'சிதம்பரம்' பார்த்தேன். 1985இல் வந்த மலையாளப் படம். மூணாறு பக்கம் மாட்டுப்பட்டியில் உள்ள மாட்டுப் பண்ணைக்குக் கல்யாணமாகி வரும் தமிழ்ப் பெண் சிவகாமியாக ஸ்மிதா பாட்டில். புனேயில் பிறந்தவர், மும்பை தூர்தர்ஷனில் செய்தி வாசித்தவர். ஆனால் மலைப் பூக்களுக்கு நடுவே அவர் நடக்கும்போது, எங்கள் ஊரிலிருந்து கட்டிக்கொடுத்த பெண் மாதிரியே இருந்தது.

பண்ணை அதிகாரி சங்கரனுக்கும் சிவகாமிக்கும் உறவு ஏற்படுகிறது. அது தெரிந்து கணவன் தூக்கு மாட்டிக்கொள்கிறான். குற்ற உணர்வு தாங்காத சங்கரன் அலைந்து அலைந்து கடைசியில் சிதம்பரம் கோயிலுக்கு வருகிறான். வாசலில் செருப்பைப் பார்த்துக்கொள்ளும் பெண்ணுக்குக் காசு கொடுக்கப் போகிறான். அவள் நிமிர்கிறாள். சிவகாமி! உள்ளே அம்மனுக்கும் அதே பெயர். இவள் வெளியே, செருப்புகளுக்கு நடுவே. அழுகை இல்லை. அந்த முகத்தை என்னால் இன்றுவரை மறக்க முடியவில்லை.

ஸ்மிதா தொடங்கிய இடமே அப்படி. புனே திரைப்படக் கல்லூரி மாணவர் ஒருவரின் டிப்ளமோ படத்தில்தான் முதலில் நடித்தார். 1976இல் 'மந்தன்'. குஜராத்தின் 5 லட்சம் பால் உற்பத்தியாளர்கள் ஆளுக்கு 2 ரூபாய் போட்டு எடுத்த படம். அந்தக் காசுக்கு நியாயம் செய்த முகம் அவருடையது. 1986 டிசம்பரில், பிள்ளை பெற்ற சில நாட்களிலேயே போய்விட்டார். 31 வயது. எனக்கு இப்போது 38.

போன மாதம் சிதம்பரம் போயிருந்தேன். வாசலில் செருப்பு விட்டபோது, அங்கிருந்த அம்மா என் முகத்தைப் பார்க்கவே இல்லை. ஒரு கை செருப்பை வாங்கியது, இன்னொரு கை டோக்கனை நீட்டியது. அப்புறம் என் ஜோடியைக் காலால் ஓரமாக ஒதுக்கினார். சாமி பார்த்துவிட்டு வந்து ரொம்ப நேரம் எதிர்த் திண்ணையில் உட்கார்ந்து, அந்தக் கைகளையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

அடுத்த படத்தில் எனக்கு இஸ்திரி போடும் பெண் வேடம். தெருமுனை வண்டிக்கார அக்காவிடம் தினமும் காலையில் போய் நிற்கிறேன். தண்ணீர் தெளிக்க, கரியை ஊதிவிட, சட்டைக் காலரை முதலில் தேய்க்கக் கற்றுக்கொடுக்கிறார். வசனத்தைச் சொல்லிப் பார்க்கட்டுமா என்று கேட்டேன்.

"மொதல்ல பொட்டியப் புடிங்க. பேச்சு அப்புறம்" என்றார்.