சாமுண்டி வளர்த்த ஆட்டக்காரி

நீடாமங்கலத்திலிருந்து மன்னார்குடி போகும் வழியில், பாமணியாற்றங்கரையில் இருக்கிறது திருப்பூவனூர். அப்பர் பாடிய தலம். காவிரித் தென்கரைத் தேவாரத் தலங்களில் 103-வது. சுவாமியின் திருநாமம் சதுரங்க வல்லபநாதர். 2022-ல் சென்னையில் நடந்த செஸ் ஒலிம்பியாட் தொடக்க விழாவில் பிரதமர் இந்தக் கோயிலைப் பற்றிச் சொன்னார். அதைக் கேட்டுவிட்டுத்தான் நானும் அண்ணன் மகளைக் கூட்டிக்கொண்டு போனேன். அவளுக்குச் செஸ்தான் உயிர்.

தலபுராணம் இது: தென்பாண்டி அரசன் வசுதேவனுக்குத் தாமிரபரணித் தாமரையில் சங்காகக் கிடைத்த குழந்தை ராஜராஜேஸ்வரி. சப்த மாதர்களில் ஒருத்தியான சாமுண்டி, வளர்ப்புத் தாயாக வந்து ஆளாக்கினாள். சதுரங்கத்தில் ஜெயிப்பவனுக்கே பெண் என்றான் அரசன். வந்தவன் எல்லாம் தோற்றான். தல யாத்திரையாக இங்கே வந்தபோது ஒரு கிழவர் ஆட உட்கார்ந்தார், ஜெயித்தார். கிழவர் ஈசன். கல்யாணம், சுபம்.

"அதுக்கப்புறம் அவ ஆடவே இல்லையா அத்தை?" என்றாள் இவள். நியாயமான கேள்வி. தலபுராணம் சொல்பவர்கள் சுவாமி ஜெயித்ததையே சொல்கிறார்கள்; அதுவரை ஒருத்தரிடமும் தோற்காத பெண் என்பது எனக்கு அதைவிடப் பெரிதாகப் படுகிறது. ஆனந்த் சிறுவனாக ஆடிப் பழகிய சென்னை தால் செஸ் கிளப்பைத் தொடங்கியதே 1972-ல்தான். ஆனந்த் கிராண்ட்மாஸ்டர் ஆனது 1988-ல். தமிழ்நாட்டுப் பெண் ஒருத்தி, வைஷாலி, அந்தப் பட்டத்தைத் தொட 2023 ஆயிற்று. புராணத்துப் பெண் எப்போதோ ஆட உட்கார்ந்துவிட்டாள்.

அர்ச்சனைத் தட்டில் தேங்காய் பழத்தோடு இவள் தன் காந்தச் செஸ் போர்டையும் வைத்தாள். குருக்கள் முகம் சுளிக்கவில்லை. சுவாமி காலடியில் வைத்து எடுத்து, ஒரு வில்வத்தோடு திருப்பிக் கொடுத்தார். கட்டங்களில் விபூதி சிந்தியிருந்தது. துடைக்கப் போனேன், கையைத் தட்டிவிட்டாள்.

சாமுண்டிக்குத் தனிச் சந்நிதி. விஷக்கடி பட்டவர்கள் இங்கே வேர் கட்டிக்கொண்டு, எதிரிலுள்ள குளத்தில் குளிப்பது வழக்கம். (பாம்பு கடித்தால் முதலில் ஆஸ்பத்திரிக்கு ஓடுங்கள், அம்மன் கோபித்துக்கொள்ள மாட்டாள்.) ஒரு பெரியவர் மணிக்கட்டில் அப்போதுதான் கட்டிய வேரோடு நின்றிருந்தார். செஸ்ஸுக்காக வருபவர்கள் சுவாமியைப் பார்த்த கையோடு கிளம்பிவிடாதீர்கள். அந்த ஆட்டக்காரியை வளர்த்தவள் இவள். இவளிடம்தான் நாங்கள் வெகுநேரம் நின்றோம்.

காலையிலேயே போய்விடுங்கள், மதியம் நடை சாத்திவிடுவார்கள். மாலையில் மன்னார்குடி ராஜகோபாலனையும் சேவித்துவிட்டுத் திரும்பலாம்.