கன்னக்கோலும் சாக்பீஸும்

ஜூன் 8

நாடக இயக்குநர் ஹபீப் தன்வீர் போபாலில் காலமானது 2009இல், இதே தேதியில். யோசித்து வைத்ததல்ல, ஒத்திகை இன்றைக்கென்று அமைந்துவிட்டது. எடுத்திருப்பது அவர் கைவைத்த அதே மிருச்சகடிகம், சூத்ரகனின் சமஸ்கிருத நாடகம். பத்து அங்கமும் நம்மால் ஆகாது. மூன்றாம் அங்கத்தில் திருடன் சர்விலகன் நாயகன் சாருதத்தன் வீட்டுச் சுவரில் கன்னம் வைக்கும் காட்சி மட்டும். பண்டிதமணி கதிரேசச் செட்டியாரின் தமிழாக்கம் 'மண்ணியல் சிறுதேர்' கையில் இருக்கிறது. படிக்கப் படிக்க இன்பம். வாய்விட்டுச் சொல்லச் சொன்னால் பையன்களுக்கு நாக்கு சுளுக்குகிறது.

ஜூன் 11

என்ன காட்சி ஐயா இது! சுவரை எந்த வடிவில் துளைக்கலாம் என்று திருடன் ஆற அமர யோசிக்கிறான். தாமரையா, சூரியனா, பிறையா, பூரண கும்பமா? அளவுக் கயிற்றை மறந்துவிட்டு வந்ததால் பூணூலைக் கழற்றி அளக்கிறான். விடிந்தபின் வீட்டுக்காரன், போன நகையை விட்டுவிட்டு, துளையின் அழகைப் பார்த்து வியக்கிறான்.

நம் ஆள் ஒருவர், சர்விலகன் கையில் டிரில்லிங் மெஷினும் செல்போன் டார்ச்சும் கொடுத்தால் 'மாடர்ன்' ஆகிவிடும் என்கிறார். நான் வாயைத் திறக்கவில்லை. போன வருஷம் இதே யோசனையைச் சொன்னவன் நான்தான்.

ஜூன் 12

தரையில் சாக்பீஸால் குறி போட்டேன். சாருதத்தனின் தோழன், விதூஷகன் மைத்ரேயனாக வரும் கூத்துக்கார அண்ணன் ஒரு குறியில்கூட நிற்கவில்லை. "வலது பக்கம்ணே" என்றால் ஒரு நொடி திகைத்துவிட்டு இடது பக்கம் போகிறார். விடிய விடியக் கட்டியக்காரனாக ஆடி ஊரையே தூங்கவிடாமல் வைப்பவர், என் ஒத்திகையில் மரக்கட்டை. கடைசியில் குரலை உயர்த்திவிட்டேன். அவர் ஒன்றும் சொல்லாமல் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு கிளம்பினார்.

ஜூன் 13

தூக்கமில்லை.

ஜூன் 15

தன்வீரைத் திரும்பப் படித்தேன். 1954இல் 'ஆக்ரா பஜார்' நாடகம். அடுத்த வருஷம் லண்டனில் ராடா நாடகப் பள்ளி. பிறகு ஐரோப்பா சுற்றல், பெர்லினில் ஜெர்மன் நாடகாசிரியர் பிரெக்டின் நாடகங்கள். 1958இல் சொந்த ஊரான ராய்ப்பூர்ப் பக்கம் நாச்சா என்ற கிராமிய நாடக ஆட்டம் பார்த்துச் சொக்கிப்போய், ஆறு கலைஞர்களை டெல்லிக்கு அழைத்துவந்து மிருச்சகடிகத்தை 'மிட்டி கி காடி' என்று போட்டார். சமஸ்கிருத நாடகத்தில் பட்டிக்காட்டு ஆட்களா என்று முகம் சுளித்தவர்கள் உண்டு. மறு வருஷம் மோனிகா மிஸ்ராவோடு 'நயா தியேட்டர்' தொடங்கினார்.

என்னை உட்கார வைத்தது அதற்கடுத்த கதை. ஊரில் கூட்டத்தைக் கட்டிப்போடும் அதே கலைஞர்கள் தன் மேடையில் ஏன் விறைத்துப்போகிறார்கள் என்று அந்த மனிதர் வருஷக்கணக்காகத் தவித்திருக்கிறார். காரணம் இரண்டு. ஒன்று, அவர்களைத் தாய்மொழியான சத்தீஸ்கரியை விட்டு இந்தி பேச வைத்தது. மற்றது, லண்டன் பாணியில் இங்கே நில், அங்கே திரும்பு என்று கோடு கிழித்தது. எழுதப் படிக்கத் தெரியாதவரிடம் வலம் இடம் சொன்னால் நிற்காது என்பது பிடிபட நாளானது. 1973இல் ராய்ப்பூரில் நாச்சா பட்டறை நடத்தியபோதுதான் முடிச்சு முழுதாக அவிழ்ந்தது. 1975இல் 'சரண்தாஸ் சோர்' வந்தது. அதிலும் நாயகன் திருடன்தான்! 1982இல் எடின்பரோ நாடக விழாவில் அது பரிசு வாங்கியது.

அவருக்கு அவ்வளவு காலம் பிடித்தது. நான் ஐந்து நாளில் அண்ணனைத் திட்டித் தீர்த்துவிட்டேன்.

ஜூன் 19

டிரில்லிங் மெஷின் நண்பரோடு இன்று சரியான சண்டை. அண்ணனை அவர் பேச்சிலேயே பேசவிடலாம் என்றேன். கிளாசிக்கைக் கொச்சைப் பேச்சுக்கு இறக்கலாமா என்கிறார். மூலத்தைப் பாருங்கள் என்றேன். சாருதத்தனும் சர்விலகனும் சமஸ்கிருதம் பேசுகிறார்கள். பெண்களும் வேலைக்காரர்களும் பிராகிருதம் என்ற பேச்சுமொழி, அதிலும் வகைவகையாக. மைத்ரேயன் பிராமணன், அவனுக்கும் பிராகிருதம்தான். எல்லோர் வாயிலும் ஒரே செந்தமிழைத் திணித்த நான்தான் மூலத்தை மீறியவன். தன்வீர் சத்தீஸ்கரியைப் பேசவிட்டது புதுமையும்தான், சூத்ரகனுக்குச் செய்த நியாயமும்தான். ஷேக்ஸ்பியரின் மிட்சம்மர் நைட்ஸ் டிரீமை 1993இல் எடுத்தபோதும் அதில் வரும் கைத்தொழிலாளிகளைத் தன் கிராமத்து நடிகர்களிடமே கொடுத்தார்.

நண்பர் சமாதானமாகவில்லை. டீ மட்டும் குடித்தார்.

ஜூன் 20

அண்ணன் வீட்டுக்குப் போய் மன்னிப்புக் கேட்டேன். "அதெல்லாம் இருக்கட்டும், அந்தப் பாப்பான் தூக்கத்துல என்னாதான் பேசறான், கதையா சொல்லு" என்றார். சொன்னேன்.

ஜூன் 22

சாக்பீஸ் இல்லை. அண்ணன் மேடையை ஒரு சுற்றுச் சுற்றி வந்தார். கூத்தில் அப்படிச் சுற்றினால் வேறு இடம். சமஸ்கிருத நாடகத்திலும் அதே வழக்கம்தான். தெரு போய் வீடு வந்துவிட்டது. படுத்தார், குறட்டை விட்டார். நகைப் பெட்டியைத் தூக்கத்திலேயே திருடனிடம் நீட்டினார். "இந்தாபா, வாங்கிக்கினு போ. இத்த வச்சிக்கினு எனக்குத் தூக்கமே இல்ல. வாங்கலன்னா பசுவக் கொன்ன பாவம் ஒன்னப் புடிக்கும்!"

சர்விலகன் சிரித்துத் தொலைத்ததில் வசனம் போச்சு. மூன்று முறை எடுத்தோம், மூன்று முறையும் அண்ணன் வேறு வேறாகச் சொன்னார். எதை எழுதி வைப்பது?

விளக்கை அணைக்கத் திருடன் ஒரு பூச்சியைப் பறக்கவிட வேண்டும். அதற்குத்தான் இன்னும் வழி தெரியவில்லை. "ஊதிட்டுப் போறான், வுடு" என்கிறார் அண்ணன்.